சரக்கை நிறுத்தினால் சண்டை நிற்குமா?
பொருளாதாரத் தடைகள் பற்றி ஒரு மொத்த வியாபாரியின் கருத்து

2022-ஆம் ஆண்டில் நம் பெரம்பலூர், அரியலூர் பகுதியில் உரக்கடை வைத்திருப்போர் பட்ட பாட்டை யாரும் மறந்திருக்க மாட்டார்கள். மக்காச்சோளம், பருத்தி, சின்ன வெங்காயம் ஆகிய மூன்றுக்கும் பொட்டாஷ் வேண்டும். அந்த ஆண்டு ஒரு மூட்டை பொட்டாஷ் சுமார் 1,700 ரூபாய்க்குப் போயிற்று. அந்த விலை கொடுத்தாலும் கேட்ட நேரத்தில் சரக்கு வரவில்லை. செட்டிகுளம் பக்கத்து வெங்காய விவசாயி ஒருவர், நம் கடையை அடுத்த உரக்கடையில் நின்றுகொண்டு, "ஏன் அண்ணே, சண்டை எங்கேயோ நடக்குது. என் வெங்காயத்துக்கு ஏன் உரம் இல்லை?" என்று கேட்டார். கடைக்காரர் விழித்தார். பக்கத்தில் நின்ற நமக்கும் பதில் தெரியவில்லை.

பிறகு விசாரித்துத் தெரிந்துகொண்டோம். பொட்டாஷ் உரத்துக்கு நம் நாடு முழுக்க முழுக்க இறக்குமதியையே நம்பியிருக்கிறது. உலகத்துக்குப் பொட்டாஷ் தரும் பெரிய நாடுகளில் ரஷ்யாவும் அதன் அண்டை நாடான பெலாரஸும் அடங்கும். 2020-இல் பெலாரஸில் நடந்த தேர்தலில் முறைகேடு என்று மக்கள் தெருவில் இறங்கினார்கள். அரசு அவர்களை அடித்துச் சிறையில் போட்டது. அதைக் கண்டித்து 2021-இல் அமெரிக்காவும் ஐரோப்பிய நாடுகளும் பெலாரஸ் மீது பொருளாதாரத் தடை விதித்தன. பெலாரஸுக்குக் கடற்கரை கிடையாது. அதன் பொட்டாஷ் லிதுவேனியா நாட்டு ரயிலில் ஏறி, அந்நாட்டுத் துறைமுகம் வழியாகத்தான் கப்பலுக்குப் போகும். 2022 பிப்ரவரி 1 முதல் லிதுவேனியா அந்த ரயிலை நிறுத்திவிட்டது. அதே மாதக் கடைசியில் உக்ரைன் போர் தொடங்கி, ரஷ்யா மீதும் தடைகள் வந்தன. செட்டிகுளத்து வயலுக்கு உரம் வராத கதை இதுதான்.

விஷயம் இப்படி நம் கல்லா வரைக்கும் வந்துவிட்டதால், இந்தத் தடைகள் என்பவை என்ன, இவற்றால் உலகத்தில் சண்டை நிற்கிறதா, அமைதி நிலைக்கிறதா என்பதை வணிகர்களாகிய நாம் தெரிந்துகொள்வது நல்லது என்று கருதி இதை எழுதுகிறோம்.

தடை என்பது என்ன?

முறை தவறி நடக்கும் ஒரு நாட்டோடு மற்ற நாடுகள் கொடுக்கல் வாங்கலை நிறுத்திவிடுவதே பொருளாதாரத் தடை. ஐக்கிய நாடுகள் சபையின் சாசனத்தில் 41-ஆவது பிரிவு இதற்கு வழி செய்கிறது. படையை அனுப்புவதற்கு முன்னால், வியாபாரம், ரயில், கப்பல், தபால், தந்தி முதலிய தொடர்புகளை அறுத்துப் பார்க்கலாம் என்று அது சொல்கிறது. ஐ.நா. சபை போடுவது ஒரு வகை. அமெரிக்கா போன்ற ஒரு நாடு தன்னிச்சையாகப் போடுவது இன்னொரு வகை. நம் இந்திய அரசு முதல் வகையைத்தான் ஏற்பதாகச் சொல்லி வந்திருக்கிறது.

பெயர் பெரிதாக இருந்தாலும் இது நமக்குப் புதிதல்ல. பாக்கி தராத கடைக்கு மொத்த வியாபாரிகள் சரக்கை நிறுத்துவதும் இதே வேலைதான். இதில் நமக்கு ஒரு சொந்த அனுபவம் உண்டு.

நம் கடைவீதி அனுபவம்

சுமார் முப்பது வருடத்துக்கு முன் நடந்தது. ஒரு கிராமத்தில் மளிகைக் கடை வைத்திருந்த ஒருவர் எங்கள் கடைவீதியில் ஏழு பேருக்குப் பாக்கி வைத்திருந்தார். கேட்டால் இன்று, நாளை என்று இழுத்தார். ஒரு நாள் ஏழு பேரும் டீக்கடையில் உட்கார்ந்து பேசி, பாக்கி வரும்வரை அவருக்கு ஒரு மூட்டையும் கொடுப்பதில்லை என்று முடிவு செய்தோம்.

முதல் மாதம் அவர் திருச்சி காந்தி மார்க்கெட்டுக்குப் போய், பஸ் மேல் மூட்டை ஏற்றி வந்தார். இரண்டாவது மாதம் எங்கள் ஏழு பேரிலேயே ஒருவர், மூட்டைக்குக் கொஞ்சம் கூட வைத்து, இருட்டிய பிறகு சரக்குக் கொடுக்கத் தொடங்கினார். அந்த ஊரில் அது ஒன்றுதான் கடை. கூடுதல் செலவை அவர் சர்க்கரையிலும் துவரம் பருப்பிலும் ஏற்றிவிட்டார். களையெடுக்கப் போகும் பெண்கள் அவரைத் திட்டவில்லை. "டவுன் முதலாளிங்க நம்ம ஊருக்குச் சாமானை நிறுத்திட்டாங்க" என்று எங்களைத்தான் திட்டினார்கள். ஐந்து மாதம் போயிற்று. ஒரு காசு வரவில்லை.

கடைவீதியில் மூத்தவரான ஒரு பெரியவர் எங்களைக் கூப்பிட்டு, "என்ன செஞ்சா சரக்கு திரும்ப வரும்னு அவன்கிட்ட யாராவது சொன்னீங்களாப்பா?" என்று கேட்டார். யாரும் சொல்லியிருக்கவில்லை. மறுநாள் இரண்டு பேர் நேரில் போய், பாக்கியில் கால் பங்கு இப்போது, மீதி வாரா வாரம் சந்தை நாளில், ரொக்கத்துக்கு நாளையிலிருந்தே சரக்கு உண்டு என்று பேசினார்கள். ஒரு வருடத்துக்குள் பெரும்பகுதி வசூலாகிவிட்டது.

இருட்டிய பிறகு சரக்குக் கொடுத்தவர் யார் என்று அன்று வெளியே தெரியவில்லை. இத்தனை வருடம் கழித்து மறைப்பானேன்? அது நம் கடைதான். மூட்டைக்குக் கிடைத்த அந்தச் சின்ன லாபத்தை அன்று நம்மால் விட முடியவில்லை. உலக நாடுகளைப் பற்றி எழுதும்போது, அவர்களும் நம்மைப் போன்றவர்களே என்பதை மனத்தில் வைத்துக்கொண்டுதான் எழுதுகிறோம்.

முக்கியச் சரக்கை விட்டுவிட்ட தடை

1935 அக்டோபரில் இத்தாலி அபிசீனியா மீது படையெடுத்தது. இன்றைய எத்தியோப்பியாதான் அது. அப்போதிருந்த சர்வதேசச் சங்கம் நவம்பர் மாதத்திலேயே இத்தாலி மீது தடை விதித்தது. ஆனால் தடைப் பட்டியலில் பெட்ரோலியமும் நிலக்கரியும் எஃகும் இல்லை. இத்தாலியப் படைக் கப்பல்கள் போன சூயஸ் கால்வாயும் மூடப்படவில்லை. போருக்கு எது வேண்டுமோ அதை விட்டுவிட்டு மற்றதை நிறுத்தினார்கள். 1936 மே மாதம் அபிசீனியாவின் தலைநகர் வீழ்ந்தது. ஜூலையில் தடையையும் எடுத்துவிட்டார்கள்.

யாழ்ப்பாணம் பட்ட பாடு

நமக்கு நெருங்கிய உதாரணம் யாழ்ப்பாணம். இது நாடுகளுக்கு இடையிலான தடையல்ல. இலங்கை அரசு தன் நாட்டின் ஒரு பகுதிக்கே போட்ட தடை. ஆனாலும் இதன் பாடம் ஒன்றுதான். 1990 ஜூனில் மீண்டும் போர் மூண்டதும் வடக்கே பெட்ரோல், டீசல், சிமென்ட், இரும்பு, பேட்டரி, உரம் போன்றவை போகாமல் தடுக்கப்பட்டன. சோப்பும் மெழுகுவர்த்தியும்கூட அரிதாகிவிட்டன. மண்ணெண்ணெயைச் சிக்கனம் செய்ய ஜாம் போத்தலில் சிறு திரி போட்டு விளக்கெரித்தார்கள். மாணவர்கள் அந்த வெளிச்சத்தில் படித்துப் பரீட்சை எழுதினார்கள். பேட்டரி இல்லாததால் சைக்கிள் டைனமோவைச் சுழற்றி ரேடியோ கேட்டார்கள். எங்கு போவதானாலும் சைக்கிள்தான். உயிரைப் பணயம் வைத்துக் கிளாலிக் கடல்நீரேரியைப் படகில் கடந்துதான் தெற்கே போய்வர முடிந்தது.

சண்டை நின்றதா என்றால், இல்லை. ஆயுதம் வைத்திருந்தவர்களுக்கு வேறு வழிகள் இருந்தன. இல்லாமல் போனது சாதாரணக் குடும்பத்துக்குத்தான். 2002 ஜனவரியில் புதிய அரசு தடையைத் தளர்த்தியது. பிப்ரவரியில் போர் நிறுத்த ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. ஏப்ரலில் கண்டி வீதி என்னும் ஏ-9 சாலையில் பொதுமக்கள் போக்குவரத்துத் தொடங்கி, தெற்கத்திச் சரக்கு லாரி லாரியாக வடக்கே போயிற்று. ஆனால் பேச்சுவார்த்தை முறிந்து, 2006-இல் போரும் திரும்ப வந்தது, சாலையும் மூடப்பட்டது. 2009 மே மாதம் வரை நடந்த அழிவை நாம் அறிவோம். தடை அமைதியைக் கொண்டுவரவில்லை. தடையை எடுத்ததும் அமைதிக்கு வாசலைத் திறந்தது, அவ்வளவுதான். அந்த வாசல் வழியே உள்ளே போய்ப் பேசி முடிக்க வேண்டியவர்கள் முடிக்கவில்லை.

ஈராக்கில் இதைவிடப் பெரிய அளவில் நடந்தது. 1990 ஆகஸ்ட் 2-ஆம் தேதி ஈராக் குவைத்துக்குள் புகுந்தது. நான்கே நாளில் ஐ.நா. சபை முழுத் தடை விதித்தது. மறு வருடம் படை போய்த்தான் குவைத் மீட்கப்பட்டது. ஆனால் தடை மட்டும் 2003 வரை நீடித்தது. மக்கள் மருந்துக்கும் பாலுக்கும் தவித்தார்கள். அரசு கொடுத்த ரேஷனை விட்டால் பலருக்குச் சோறு இல்லை என்று ஆனதால், சதாம் உசேனின் பிடி தளர்வதற்குப் பதில் இறுகிவிட்டது. எண்ணெயை விற்று உணவு வாங்கிக்கொள்ளலாம் என்ற ஏற்பாடு 1996 கடைசியில்தான் நடைமுறைக்கு வந்தது. அந்த வேலையைப் பார்த்த ஐ.நா. அதிகாரி டெனிஸ் ஹாலிடே, இந்தத் தடையின் கொடுமை தாளாமல் 1998-இல் பதவியை விட்டார். பின்னர் வந்த ஹான்ஸ் வான் ஸ்போனெக்கும் 2000-இல் விலகினார். இந்த ஏற்பாட்டிலும் 2,000-க்கும் மேற்பட்ட நிறுவனங்கள் ஈராக் அரசுக்கு மறைமுகமாகப் பணம் கொடுத்தே வியாபாரம் செய்தன என்று 2005-இல் வோல்கர் குழு கண்டறிந்தது. இருட்டிய பிறகு சரக்குக் கொடுத்தவர்கள் அங்கேயும் இருந்தார்கள்.

தென்னாப்பிரிக்காவில் பலித்தது எப்படி?

அப்படியானால் தடை வீண்தானா? அப்படியும் சொல்ல முடியாது. நம் நாடே முதலில் தொடங்கி, கடைசியில் பலித்த ஒரு தடை உண்டு.

1860 முதல் கரும்புத் தோட்ட வேலைக்குத் தென்னாப்பிரிக்கா போன நம் தமிழ் மக்களின் சந்ததியார் டர்பன் பகுதியில் ஏராளமாக வாழ்கிறார்கள். 1946-இல் அங்குள்ள வெள்ளையர் அரசு, இந்தியர் எங்கே நிலம் வாங்கலாம், எங்கே குடியிருக்கலாம் என்று கட்டுப்படுத்தும் சட்டத்தைக் கொண்டுவந்தது. அதே வருடம் ஜூலையில் இந்தியா தென்னாப்பிரிக்காவுடன் வியாபாரத்தை முழுவதும் நிறுத்திற்று. அப்போது நமக்குச் சுதந்திரம்கூட வரவில்லை. உலகிலேயே தென்னாப்பிரிக்கா மீது இப்படித் தடை போட்ட முதல் நாடு இந்தியாதான். நம் சணல் சாக்குகள் அங்கே நிறையப் போய்க்கொண்டிருந்தன. அந்த வியாபாரம் நமக்குத்தான் நஷ்டம் என்று தெரிந்தே நிறுத்தினார்கள்.

உடனே பலன் கிடைத்ததா? இல்லை. ஒரு நாடு நிறுத்தினால் இன்னொரு நாடு விற்கத்தானே செய்யும்? ஆனால் ஒவ்வொருவராகச் சேர்ந்தார்கள். 1959-இல் ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸ் தலைவர் ஆல்பர்ட் லுதுலி, எங்கள் நாட்டுச் சரக்கை வாங்காதீர்கள் என்று வெளிநாட்டாரைக் கேட்டுக்கொண்டார். பட்டினி கிடக்கப்போகும் மக்களின் தலைவரே தடை வேண்டும் என்று கேட்டது கவனிக்கத்தக்கது. 1977-இல் ஐ.நா. சபை ஆயுத விற்பனைக்குக் கட்டாயத் தடை விதித்தது. 1985-இல் அமெரிக்காவின் சேஸ் மன்ஹாட்டன் வங்கி, பழைய கடனைப் புதுப்பித்துத் தர மாட்டேன் என்றது. மற்ற வங்கிகளும் அப்படியே செய்தன. அந்நாட்டு நாணயமான ராண்ட் மடமடவென்று சரிந்தது. அரசு பங்குச் சந்தையைச் சில நாள் மூடிவைத்து, வெளிக்கடனைத் திருப்பித் தருவதையும் நிறுத்திவைக்க வேண்டியதாயிற்று. மறு வருடம் அமெரிக்க நாடாளுமன்றம், ஜனாதிபதி ரீகன் மறுத்தும் கேளாமல் தடைச் சட்டம் இயற்றிற்று.

1990 பிப்ரவரியில் நெல்சன் மண்டேலா விடுதலையானார். 1993 செப்டம்பரில் அவரே ஐ.நா. சபைக்கு வந்து, இனித் தடையை எடுத்துவிடலாம் என்றார். அதே வருடம் இந்தியாவும் எடுத்தது. 1994-இல் அங்கே எல்லா மக்களும் ஓட்டுப் போட்டார்கள். ஆக 47 வருடம் ஆயிற்று. தடை மட்டுமே இதைச் சாதித்தது என்று சொல்ல மாட்டோம். அந்த மக்களின் போராட்டம்தான் முதல். ஆனால் வியாபாரிக்கு இதில் ஒரு பாடம் உண்டு. சரக்கு நின்றபோது அந்த அரசு வேறு கடை தேடிக்கொண்டது. கடன் நின்றபோது அதனால் சமாளிக்க முடியவில்லை.

1956-இல் எகிப்தின் சூயஸ் கால்வாயைப் பிடிக்கப் போன பிரிட்டனும் இப்படித்தான் நின்றது. பவுன் மதிப்பு ஆட்டம் கண்ட நேரத்தில், சண்டையை நிறுத்தினால்தான் கடனுதவி என்று அமெரிக்கா சொல்லிவிட்டது. கொடுக்கல் வாங்கல் அதிகமுள்ள நண்பர்களுக்குள் தடை விரைவாகப் பலிக்கும். உறவே இல்லாத எதிரியிடம் அறுப்பதற்கு என்ன இருக்கிறது?

நம் மீது விழுந்த தடை

1998 மே மாதம் இந்தியா பொக்ரானில் அணுகுண்டுச் சோதனை நடத்தியதும் அமெரிக்கா நம் மீதும், பின்னர் பாகிஸ்தான் மீதும் தடை விதித்தது. வெளிநாட்டில் வாழும் இந்தியரிடமிருந்து ஸ்டேட் வங்கி கடன் பத்திரம் மூலம் 420 கோடி டாலர் திரட்டி நிலைமையைச் சமாளித்தது. வேடிக்கை என்னவென்றால், தடையால் பாகிஸ்தானுக்குக் கோதுமை விற்க முடியாமல் போகும் என்று அமெரிக்க விவசாயிகள் கூச்சல் போட்டார்கள். இரண்டே மாதத்தில் விவசாயப் பொருளுக்கு விலக்கு வந்துவிட்டது. 2001 செப்டம்பரில் தடையின் பெரும்பகுதியை எடுத்துவிட்டார்கள். யாரும் அணுகுண்டைக் கைவிடவில்லை.

இருபதாம் நூற்றாண்டின் தடைகளைக் கணக்கெடுத்த அமெரிக்கப் பொருளாதார அறிஞர் ஹஃப்பாவர் குழுவினர், சுமார் மூன்றில் ஒன்று ஓரளவாவது பலித்ததாகச் சொன்னார்கள். ராபர்ட் பேப் என்ற அறிஞர் அதை மறுத்து, பலித்ததாகச் சொன்ன 40-இல் ஐந்துதான் தேறும் என்றார். எந்தக் கணக்கை எடுத்தாலும் பலிக்காததே அதிகம்.

நடுவில் மாட்டும் வியாபாரி

தடை போடுபவர்களும் தடைக்கு உள்ளாகிறவர்களும் எப்படியோ போகட்டும். நடுவில் மாட்டிக்கொள்வது வியாபாரிதான். ஈரான் எண்ணெய்க்கு டாலரில் பணம் கட்ட முடியாமல் போனபோது, 2012 முதல் ஒரு பகுதியை ரூபாயாக யூகோ வங்கியில் செலுத்தினார்கள். அந்த ரூபாயைக் கொண்டு ஈரான் நம் பாசுமதி அரிசியும் தேயிலையும் வாங்கிற்று. 2019 மே மாதம் அமெரிக்காவின் நெருக்குதலால் இந்தியா எண்ணெய் வாங்குவதை நிறுத்தியதும் வங்கியிலிருந்த ரூபாய் கரைந்தது. அரிசி ஏற்றுமதியாளர்களின் பணம் நிலுவையாகிவிட்டது.

2022-க்குப் பிறகு ரஷ்ய எண்ணெய் தள்ளுபடி விலையில் கிடைத்தது. நம் இறக்குமதியில் நூற்றுக்கு இரண்டு அளவில் இருந்தது, அடுத்த ஆண்டே மூன்றில் ஒரு பங்கைத் தாண்டிற்று. மலிவாகக் கிடைப்பதை வாங்குவது நம் நாட்டின் உரிமை என்பதில் சந்தேகமில்லை. ஆனால் அதைக் காரணம் காட்டி 2025 ஆகஸ்டில் அமெரிக்கா நம் பொருள்களுக்குக் கூடுதல் வரி விதித்தபோது அடி விழுந்தது திருப்பூர் பனியன் தொழிலுக்கு. எண்ணெய் வாங்கியவர் ஒருவர், வரியில் அடிபட்டவர் வேறொருவர்.

முடிவாக நாம் சொல்வது

தடை பலிக்க நான்கு விஷயம் வேண்டும் என்று நமக்குத் தோன்றுகிறது. முதலாவது, முக்கியமான எல்லாரும் சேர வேண்டும். இரண்டாவது, தவறு செய்தவரின் கடன் வரவைத் தொட வேண்டும். அவர் ஊராரின் சோற்றைத் தொடக் கூடாது. மூன்றாவது, என்ன செய்தால் கடை திறக்கும் என்பதை முதல் நாளே தெளிவாகச் சொல்ல வேண்டும். நான்காவது, சொன்னதைச் செய்தால் உடனே திறக்க வேண்டும்.

முதலில் சொன்ன பெலாரஸ் கதையின் பிற்பகுதி இதற்குச் சான்று. நான்கு வருடத் தடைக்கும் அந்த ஆட்சி அசையவில்லை. 2025 டிசம்பரில் அமெரிக்கா பொட்டாஷ் மீதான தன் தடையை எடுப்பதாகச் சொன்னது. பதிலுக்கு நோபல் பரிசு பெற்ற அலெஸ் பியாலியாட்ஸ்கி உட்பட 120-க்கும் மேற்பட்ட கைதிகளை பெலாரஸ் விடுவித்தது. போட்ட தடை ஆட்சியை மாற்றவில்லை. எடுத்த தடை நூற்றுக்கு மேற்பட்ட குடும்பங்களுக்கு மனிதரை மீட்டுக் கொடுத்தது.

நம் சங்கத்துக்கும் இது பொருந்தும். 2017 மார்ச் முதல் வெளிநாட்டுக் குளிர்பானங்களை விற்பதில்லை என்று நம் மாநில வணிகர் அமைப்புகள் அறிவித்ததும், பின்னர் பல கடைக் குளிர்பெட்டிகளில் அந்தப் பாட்டில்கள் திரும்பி வந்ததும் நாம் அறிந்ததே. இனி ஒரு பொருளையோ ஒரு கடையையோ புறக்கணிப்பது என்று தீர்மானம் போடுமுன், மேற்சொன்ன நான்கையும் எழுதிவைத்துக்கொண்டு போடுவோம். கடைபிடிக்க முடியாத தீர்மானத்தைவிடத் தீர்மானம் இல்லாமலிருப்பதே மேல்.

அன்றாட வியாபாரத்துக்கும் இரண்டு வார்த்தை. இறக்குமதிச் சரக்கை ஒரே இடத்தை நம்பி வாங்காதீர்கள். எங்கோ தடை என்று செய்தி வந்ததும் இருப்பைப் பதுக்கி விலை ஏற்றாதீர்கள். அன்றைக்கு அந்த வெங்காய விவசாயிக்கு நாம் பதில் சொல்ல முடியவில்லை. இப்போது காரணத்தைச் சொல்ல முடியும். ஆனால் அவருக்கு வேண்டியது காரணமல்ல, நியாய விலையில் ஒரு மூட்டை உரம். உலகத் தடையை நம்மால் எடுக்க முடியாது. கையிலிருக்கும் மூட்டையைச் சரியான விலைக்குக் கொடுப்பது நம் கையில்தான் இருக்கிறது.